டிவிக்குப் பின்னால் கலியன்

முகம் பார்க்கும் கண்ணாடியை நாற்காலியின் முதுகில் சாய்த்து நிறுத்திவிட்டு, கலியன் டிவிக்குப் பின்னால் போய்க் குந்துகிறார். பின்மூடியின் ஸ்க்ரூக்கள் அதற்குள் அவர் வாய்க்குள் போயிருக்கும். கை உள்ளே வேலை செய்யும்போது திரையில் படம் எப்படி மாறுகிறது என்று தெரிய வேண்டும். எட்டிப் பார்த்தால் கை நழுவும். நழுவினால் பதினைந்தாயிரம் வோல்ட். ஆகவே எதிரே கண்ணாடி. வீட்டார் படத்தை நேராகப் பார்க்கிறார்கள், கலியன் கண்ணாடியில் பார்க்கிறார். கல்கத்தாவுக்கு டிவி வந்து பன்னிரண்டு வருடமாகிறது. பன்னிரண்டு வருடமாகச் செய்தி வாசிக்கும் பெண்களின் முந்தானை அவருக்கு மட்டும் வலது தோளில் கிடக்கிறது. கிரிக்கெட்டில் யார் இடதுகைக்காரர் என்று அவரை நம்பிப் பந்தயம் கட்டக்கூடாது.

கண்ணாடியும் அவருடையதுதான். எப்போதும் பையில் இருக்கும், எந்த வீட்டிலும் கேட்டு வாங்குவதில்லை. முதல் வருடத்தில் ஒரு தமிழ்க் குடும்பத்தில் கேட்டிருக்கிறார். கொடுத்தார்கள். வேலை முடிந்து திருப்பி நீட்டியபோது அந்த அம்மாள் அதைக் கையில் வாங்குவதா, எங்காவது வைக்கச் சொல்வதா என்று தெரியாமல் நெடுநேரம் நின்றாராம். "பாவம், அவங்களுக்கு எதுக்கு அந்த ரோசனை? நானே ஒண்ணு வாங்கிட்டன்," என்கிறார் கலியன். அந்தக் குரலில் வருத்தத்தைத் தேடுபவர்கள் ஏமாந்துபோவார்கள். எந்த இடத்தில் பழுது என்று கண்டுபிடித்துவிட்ட மெக்கானிக்கின் குரல் அது.

வயது நாற்பத்து நான்கு. தகப்பனார் திருக்கோவிலூர்ப் பக்கத்துச் சேரி ஒன்றிலிருந்து வந்து கிதிர்ப்பூர்த் துறைமுகத்தில் மூட்டை இறக்கியவர். கலியன் பிறந்தது இங்கேதான். பெஹாலா டிராம் டிப்போவுக்குப் பின்னால் ஒரு சந்தில் கடை. கடையை ஒட்டியே ஒற்றை அறை வீடு. வங்காளிகள் அவரைக் 'கோலிதா' என்கிறார்கள். தா என்றால் அண்ணன். பாலிகஞ்ச் தமிழ் வீடுகளில் எட்டு வயதுப் பிள்ளைகூடக் 'கலியா' என்கிறது. வங்காளத்துப் பெரிய மனிதர்கள் சாதி பார்க்காத உத்தமர்கள் என்று யாரும் எண்ண வேண்டாம். அவர்களுக்கு இவர் சாதி தெரியாது, அவ்வளவுதான். தமிழனுக்குத் தெரிந்துவிடுகிறது. ஆயிரம் மைல் ரயிலில் வந்தாலும் அந்த ஒரு சாமானை மட்டும் அவன் வழியில் எங்கும் தொலைப்பதில்லை.

தெரிவதற்கு வழி இருக்கிறது: கலியன் பறையடிப்பார். பறையை அவரே கட்டினார். கிதிர்ப்பூர்த் தச்சர் ஒருவர் வளைத்துக் கொடுத்த வேப்பமரச் சட்டம். டாங்ராவின் தோல் பதனிடும் கொட்டகைகளில் ஒரு சீனரிடம் அரைநாள் தட்டித் தட்டிப் பார்த்து வாங்கிய கன்றுத்தோல். கலியன் இடதுகைக்காரர், ஆகவே பறை வலது தோளில் தொங்கும். கூட அடிக்கும் நால்வரும் துறைமுகத் தொழிலாளிகள், வலதுகைக்காரர்கள். முழங்கை இடிக்காமலிருக்கக் கலியன் எப்போதும் வரிசையின் ஓரத்தில் நிற்பார். மே தின ஊர்வலத்தில் யூனியன் கொடிக்கு முன்னால் போவது இந்த ஐவர்தான்.

கல்கத்தாவின் ஈரக் காற்றில் தோல் தொய்ந்துவிடும். அடிப்பதற்கு முன் வைக்கோலையோ பழைய காகிதத்தையோ கொளுத்தி, பறையை அனலில் காட்டினால்தான் ஒலி எழும்பும். இந்த நெருப்பில்தான் விஷயம் இருக்கிறது.

பாலிகஞ்ச் தமிழர் கலைக்கழகம் ஆண்டுதோறும் ஜனவரியில் ஒரு பள்ளிக்கூட அரங்கை வாடகைக்கு எடுத்து விழா நடத்துகிறது. வாய்ப்பாட்டுக்கு ஒருவர், வீணைக்கு ஒருவர், மிருதங்கத்துக்கு ஒருவர், நாகஸ்வரத்துக்கு ஒருவர் என்று மேடையேற்றிப் பொன்னாடை போர்த்திக் கேடயம் கொடுப்பார்கள். பறைக்கு வாசல். தலைமை விருந்தினரின் கார் வந்து நின்றதிலிருந்து அவர் படியேறும்வரை ஐவரும் அடிக்க வேண்டும். பிறகு உள்ளே விழா தொடங்கும், வெளியே இவர்கள் சாப்பாட்டுப் பொட்டலத்தைப் பிரிப்பார்கள். கழகச் செயலாளர் வீரராகவன், மத்திய அரசு அலுவலகமொன்றில் பெரிய பதவியில் இருப்பவர். அவரிடம் இதற்குக் காரணம் தயாராக இருந்தது. பறைக்கு அனல் காட்ட வேண்டும், அரங்கத்துக்குள் நெருப்பு மூட்டப் பள்ளிக்கூடத்தார் விடமாட்டார்கள், அவர் என்ன செய்வார்?

கலியன் இதை ஒன்பது வருடம் நம்பினார். ஏமாளி என்று சொல்லிவிட முடியாது. தொழில்நுட்பக் காரணம் என்று சொன்னால் எந்த மெக்கானிக்கும் நம்புவான்.

போன வருடம் அவர் மகள் கல்யாணி, ஒன்பதாம் வகுப்பு, பள்ளித் தோழிகள் இருவரை விழாவுக்கு அழைத்து வந்திருந்தாள். வாசலில் அப்பாவைக் கடந்தபோது அவள் செருப்பைப் பார்த்துக்கொண்டே போனாள். கலியன் அடியை நிறுத்தவில்லை. வீட்டுக்கு வந்ததும் அவள், "பாபா, அடுத்த வருஷம் நான் வரலை," என்றாள். வராவிட்டால் போகட்டும் என்று அவரும் விட்டுவிட்டார். ஆனால் அன்றிலிருந்து வாசல் என்ற சொல் அந்த வீட்டில் கொஞ்சம் கனமாகிவிட்டது.

இந்த வருடம் டிவி நிலையத்தார் விழாவைப் படம்பிடித்து அரை மணி நேரம் ஒளிபரப்புவதாகச் சொல்லியிருந்தார்கள். மே தின ஊர்வலத்தில் பறையைக் கேட்டிருந்த ஒரு தயாரிப்பாளர், அதுவும் கட்டாயம் வேண்டும் என்றாராம். டிசம்பர் முதல் வாரத்தில், தம் வீட்டு டிவிக்குப் பின்னால் குந்தியிருந்த கலியனிடம் வீரராகவன் இதைச் சொன்னார்.

"வாசல்லயே காமிரா வைக்கறாளாம். உனக்கு அதிர்ஷ்டம்தான், கலியா."

கலியன் வாயிலிருந்து ஒரு ஸ்க்ரூவை எடுத்துப் பின்மூடியில் முடுக்கினார்.

அதே மாதம் பெத்துராஜின் கப்பல் கிதிர்ப்பூருக்கு வந்தது. பெத்துராஜ் கப்பலில் எஞ்சின் அறையில் வேலை செய்பவர், சாத்தூர்ப் பக்கம், கலியனுக்கு நெடுநாள் சிநேகிதர். எந்த நாட்டு கேசட்டையும் ஓட்டும் ஒரு வீடியோப் பெட்டியைச் சிங்கப்பூரில் வாங்கி வந்திருந்தார். கூடவே ஒரு கேசட். அமெரிக்கத் துறைமுகத்தில் கிரேன் ஓட்டும் கறுப்பர் ஒருவர் தம் வீட்டு டிவியிலிருந்து பதிவுசெய்து கொடுத்தது. அந்த நாட்டுக் கறுப்பர்கள் தங்கள் இசைக்குத் தாங்களே விழா எடுத்துப் பரிசு கொடுக்கிறார்கள், அதை நாடு முழுக்க டிவியில் காட்டுகிறார்கள் என்று பெத்துராஜ் சொன்னார்.

கடையில் ரிப்பேருக்கு வந்திருந்த புத்தம்புதிய கலர் டிவியில் போட்டார்கள். படம் மேலிருந்து கீழாக உருண்டுகொண்டே இருந்தது. பெத்துராஜ் சிங்கப்பூர்க்காரனைத் திட்டினார். கலியன் திட்டவில்லை. "அவங்க ஊர்ல படம் செகண்டுக்கு அறுவது தபா அடிக்கும். நம்முளுது அம்பது. அடி வேற, அதான் ஆட்டம் ஒட்டல," என்றார். கலர் டிவியில் அதைத் திருத்தும் குமிழ் கிடையாது. மூலையில் கிடந்த பழைய வால்வு டிவியில் உண்டு. யாரோ வேண்டாமென்று தள்ளிவிட்ட மரப்பெட்டி. முதுகைத் தொட்டால் அடுப்பைத் தொட்டதுபோல் சுடும். அதன்மேல் வழக்கம்போலப் பறை சாய்ந்திருந்தது, எடுத்து வைக்க வேறு இடமில்லாததால். கலியன் கண்ணாடியை எதிரே நிறுத்தினார், பின்னால் போய்க் குமிழைத் திருகினார். உருண்ட படம் வேகம் குறைந்து, தயங்கி, நின்றது. கறுப்பு வெள்ளைதான். ஆனால் நின்றது.

பெரிய மேடை. விலை உயர்ந்த உடைகளில் ஆண்களும் பெண்களும். ஒவ்வொரு பெயராக வாசிக்கிறார்கள், பெயருக்குரியவர் எழுந்து நடக்கிறார், அரங்கமே கைதட்டுகிறது. நடுவில் ஒரு மனிதர் ஏழெட்டு மேளங்களுக்கு நடுவே உட்கார்ந்து தனியாக வாசித்தார். கலியன் கண்ணாடியில் அதைப் பார்த்துவிட்டு வாயிலிருந்த ஸ்க்ரூக்களைத் துப்பினார்.

"அந்தாளு நம்மள மாதிரி பீச்சாங்கைடா பெத்துராஜு."

"சோத்தாங்கைதான் அண்ணாச்சி. முன்னாடி வந்து பாருங்க, தெரியும்."

"வாணாம், வாணாம். நான் வந்தா படம் ஓடிப்பூடும். இங்கேர்ந்தே பாத்துக்கிறன்."

ஆங்கிலம் புரிந்தது கல்யாணிக்கு மட்டும். வெள்ளி நிற உடையில் தடித்த உடம்புள்ள ஒரு பாடகி பரிசை வாங்கிக்கொண்டு பேசினார். கல்யாணி வரிக்கு வரி சொல்லிக்கொண்டு வந்தாள். "இருபது வருஷம் பெரிய பெரிய ஹோட்டல்ல பாடினாங்களாம், பாபா. ஒரு தடவைகூட அவங்களை முன்னால விடலையாம். ரான்னாகர், சமையல்கட்டு வழியாத்தான் உள்ளே போவாங்களாம். அந்த ஹோட்டலுக்கெல்லாம்..." அவள் நிறுத்திக்கொண்டாள்.

"சொல்லு, ஹோட்டலுக்கு இன்னா?"

"முன்வாசல் இருக்கிறதே ரொம்ப நாள் தெரியாதாம்."

திரையில் அரங்கமே சிரித்தது. சிரித்துவிட்டு எழுந்து நின்றது. கடைக்குள் யாரும் சிரிக்கவில்லை. கலியன் அந்த இடத்தைத் திரும்ப ஓட்டச் சொன்னார். பிறகு இன்னொரு முறை.

கேசட் முடிய இரண்டு மணி நேரம் ஆயிற்று. டிவியை அணைத்துவிட்டு, பின்மூடியைப் போடுவதற்காக மேலிருந்த பறையைத் தூக்கினார். தோல் சுட்டது. விரல் நகத்தால் ஒரு சுண்டு சுண்டினார். மார்கழி ஈரத்தில், நெருப்பில்லாமல், வைக்கோல் இல்லாமல், சந்துக்கே கேட்கும்படி அது கணீரென்றது. கலியன் பறையைப் பார்த்தார், டிவியைப் பார்த்தார். ஒன்பது வருடத்துப் பழுது எங்கே என்று அவருக்குத் தெரிந்துபோயிற்று.

"நெருப்பு வாணாம்டா," என்றார். "நெருப்புக்காவ நம்மள வெளிய நிக்க வெக்கல."

அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை வீரராகவன் வீட்டில் விழாக் குழு கூடியபோது, பாலிகஞ்சின் அந்த மூன்றாம் மாடிக்கு ஒரு வால்வு டிவியும் வீடியோப் பெட்டியும் பறையும் ஏறி வந்தன. குழுவினர் ஐந்து பேரும் கலியனின் வாடிக்கையாளர்கள்தாம். யாரோ ரிப்பேருக்குச் சொல்லியிருக்கிறார்கள் என்று ஒவ்வொருவரும் மற்றவரைப் பார்த்தார்கள். கலியன் டிவியை நடுக்கூடத்தில் வைத்துப் பறையை அதன் முதுகில் சாய்த்தார். தோலில் சூடு ஏற அரை மணி ஆகும், அதுவரை சும்மா உட்கார்ந்திருக்க வேண்டாம் என்று கேசட்டைப் போட்டார்.

அரை மணி நேரம் அவர்கள் பார்த்தார்கள். வெள்ளி உடைப் பாடகி சமையல்கட்டைப் பற்றிச் சொன்னபோது மொழிபெயர்க்க ஆள் தேவைப்படவில்லை. ஐந்து பேருக்கும் நல்ல ஆங்கிலம் தெரியும். அந்தக் கூடத்தில் ஒரு சத்தமும் எழாததற்கு அதுதான் காரணம்.

கலியன் பறையை எடுத்துத் தோளில் மாட்டி ஒரே ஒரு அடி அடித்தார். மேல்மாடியில் யாரோ ஜன்னலைத் திறந்தார்கள்.

"உள்ளயே சூடு காட்டலாம் சார். கரண்டு இருந்தா போதும்."

வீரராகவன் மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். காரணம் ஒன்று பறிபோனதும் அடுத்ததைத் தேட அவருக்குச் சற்று நேரம் வேண்டியிருந்தது. சாவுக்கு அடிக்கும் வாத்தியம் மேடையில் ஏறினால் நாலு பேர் நாலு விதமாகப் பேசுவார்கள் என்றார். அதுவும் மாட்டுத்தோல் என்றார்.

"மிருதங்கத்துல இன்னா சார், வாழையிலயா போத்தியிருக்கு?"

குழுவில் ஒருவர் இருமினார். சிரிப்பை மறைக்கும் இருமல் அது என்பது எல்லோருக்கும் தெரிந்தது. வீரராகவன், "சரி, அடுத்த வருஷம் பார்க்கலாம், கலியா," என்று எழுந்தார்.

இந்த நாட்டில் நியாயம் கேட்டவனுக்கு எப்போதும் அடுத்த வருடம்தான் கிடைத்திருக்கிறது. கலியன் பிளக்கைப் பிடுங்கி வயரை முழங்கையில் சுற்றிக்கொண்டே சொன்னார்: "பாருங்க சார். வாசல்லயும் அடுத்த வருஷமே அடிச்சிக்கிறம்."

அந்த வாரம் பாலிகஞ்ச் தமிழ் வீடுகள் இரண்டு வேறு மெக்கானிக்கைத் தேடிக்கொண்டன. பறையடிப்பவர்களில் மூத்தவரான மூக்கையா, இருந்த வாசலையும் கெடுத்தாயிற்று என்று கடையில் வந்து உட்கார்ந்து புலம்பினார். கலியன் அவருக்கு டீ சொன்னார், வேலையைத் தொடர்ந்தார். டிவிக்காரர் பறை கேட்டிருக்கிறார், பறை இவர்களிடம் இருக்கிறது; இணைப்பு எங்கே இருக்கிறது என்பது தெளிவாயிருக்கும்போது எதற்குப் பதற வேண்டும் என்பது அவர் கட்சி.

வியாழக்கிழமை மாலை வீரராகவனே பெஹாலாவுக்கு வந்தார். காமிரா எங்கே வைப்பது என்று கேட்டுத் தயாரிப்பாளர் இரண்டு முறை போன் செய்துவிட்டாராம். கலியன் ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். டீ வந்தது. வீரராகவன் அதைக் கையில் வைத்துக்கொண்டே பேசினார், குடிக்கவில்லை, அது ஆறியது. அச்சுக்குப் போகவிருந்த நிகழ்ச்சி நிரலை நீட்டினார். ஐந்தாவது நிகழ்ச்சி, மேடையில், எட்டு நிமிடம்: 'கிராமியத் தாள வாத்தியம்.'

கலியன் காதிலிருந்த பென்சிலை எடுத்து அந்த மூன்று சொற்களையும் அடித்தார். மேலே 'பறை' என்று எழுதினார். எழுத்து கொஞ்சம் பெரிதாகவே விழுந்தது.

"பேரு இல்லாத வாத்தியமா சார் இது?"

வீரராகவன் காகிதத்தை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். "வரேன், கலியன்," என்றார். ஒரே ஒரு ன். ஒன்பது வருடத்தில் முதல் முறையாக அது வந்தது. கலியன் அதைக் கவனித்தார், கவனித்ததாகக் காட்டிக்கொள்ளவில்லை.

விழா நாளில் தலைமை விருந்தினர் சத்தமில்லாமல் படியேறினார். ஒப்பனை அறையில் வால்வு டிவி ஓடிக்கொண்டிருந்தது, யாரும் பார்க்கவில்லை. ஐந்து பறைகள் அதன் முதுகைச் சுற்றிக் குளிர்காய்ந்தன. நாகஸ்வரக் கோஷ்டியின் தவில்காரர் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, "நம்மளதையும் செத்த ஓரமா வச்சுக்கட்டுங்களா, ரொம்பத் தொஞ்சு போயிருக்கு," என்று கேட்டார். வைத்துக்கொள்ளச் சொன்னார் கலியன். கேடயங்கள் அந்த வருடமும் நால்வருக்குத்தான். ஐவரும் எட்டு நிமிடம் அடித்தார்கள். கைதட்டல் முதலில் பின்வரிசை வங்காளிகளிடமிருந்து வந்தது, பிறகு பரவியது. டிவியில் பறையை வெட்டாமல் காட்டுவார்களா என்பது மட்டும் பாக்கி இருந்தது. அரை மணி நேரத்தில் யாரை வைப்பது, யாரை விடுவது என்பதில் கழகத்தாரின் யோசனையையும் நிலையத்தார் கேட்டிருந்தார்கள்.

அடுத்த ஞாயிறு மாலை ஐந்தரை மணிக்குச் சந்தே கலியன் கடைக்குள் இருந்தது. கல்யாணியின் பள்ளித் தோழிகள் இருவரும் வந்திருந்தார்கள், அவள்தான் அழைத்திருந்தாள். பழைய செட், படம் எந்த நேரமும் நடுங்கும் என்று சொல்லிக் கலியன் வழக்கம்போலப் பின்னால் குந்தியிருந்தார். எதிரே கண்ணாடி. கையில் ஸ்க்ரூ டிரைவர்.

குத்துவிளக்கு ஏற்றினார்கள். தலைமை விருந்தினர் பேசினார். வாய்ப்பாட்டு வந்தது, வீணை வந்தது, பொன்னாடைகள் வந்தன. இருபது நிமிடம் போயிற்று. மூக்கையா, "வெட்டிப்புட்டாய்ங்கப்பா," என்று எழுந்து வேட்டியை இறுக்கினார். கலியன் கண்ணாடியிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

முதலில் சத்தம் வந்தது. பிறகு மேடையும் ஐந்து பேரும் வந்தார்கள். சந்து கத்தியது. கண்ணாடிக்குள் நால்வர் இடது கையால் அடித்துக்கொண்டிருந்தார்கள். வரிசையின் ஓரத்தில் நின்ற ஆள் பறையை இடது தோளில் மாட்டி வலது கையால் அடித்தார். கலியன் அந்த ஆளை யாரோ என்பதுபோலப் பார்த்தார்.

ஸ்க்ரூ டிரைவரைச் சட்டைப் பையில் செருகினார். எழுந்து வந்து, நாற்காலியில் சாய்ந்திருந்த கண்ணாடியை எடுத்துத் தரையில் கவிழ்த்து வைத்தார். கல்யாணி நகர்ந்து கொடுத்த இடத்தில், டிவிக்கு நேர் எதிரே, முதல் வரிசையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார்.